சனிக்கிழமை வரை ஒரு பெயரை மூடி வைத்தல்

1

இந்தக் கதை எனக்குக் கிடைத்ததல்ல, நான் எடுத்துக்கொண்டது. பின்னால் வேறு யாராவது சொல்லி உங்களுக்குத் தெரியவருவதைவிட நானே முதலில் சொல்லிவிடுகிறேன்.

நான் கம்பம் ஊர்க்காரன். இருபத்திரண்டு வருஷமாக, மலையாளம் பேசும் வாழக்குளத்தில் ஒரு சின்னக் கணினி மையம் வைத்திருக்கிறேன். வருமானச் சான்றிதழ், பாஸ்போர்ட் விண்ணப்பம், பரீட்சை ஹால் டிக்கெட், போனில் எழுத்துப் பெரிதாகத் தெரிய வேண்டும் என்று வரும் வயசாளிகள், இதுதான் தொழில். இத்தனை வருஷத்துக்குப் பிறகும் ஊர் என்னை, தமிழர்களை இங்கே கூப்பிடுகிற மாதிரி, 'அண்ணாச்சி' என்றுதான் கூப்பிடுகிறது. அது பாசமா கேலியா என்று நான் இன்னும் விசாரித்துக்கொண்டிருக்கிறேன்.

ஒரு திங்கட்கிழமை மத்தியானம் அன்னாசி மண்டியில் வேலை பார்க்கும் பெண் ஒருத்தி உள்ளே வந்தாள். நாற்காலியைக் காட்டினேன், உட்காரவில்லை. வாசலை ஒருமுறை திரும்பிப் பார்த்துவிட்டுக் கேட்டாள்.

"சேட்டா, நான் போன்ல என்ன பாக்கறேன்னு கேபிள்கார சோஜன் சேட்டனுக்குத் தெரியுமா?"

மையம் நடத்துகிறவனாக நான் உடனே பதில் சொல்லியிருக்க வேண்டும். ஆனால் எனக்குள் ராத்திரி பகல் இல்லாமல் கதை தேடிக்கொண்டிருக்கும் இன்னொருவன் முதலில் தலையைத் தூக்கினான். இவள் எதற்குப் பயப்படுகிறாள் என்று பார்த்தான். அவன்மேல் எனக்கு நம்பிக்கை கிடையாது. நீங்களும் வைக்காதீர்கள்.

அவளுக்கு ரோஸ்மி என்று பெயர் வைக்கிறேன். அது அவள் பெயரல்ல. அவள் வேலை பார்ப்பது அன்னாசி மண்டிதானா என்றும் என்னிடம் கேட்க வேண்டாம்.

2

முதல் தொடக்கம்: "ஜெய்ப்பூருக்குப் போகும் லாரிக்காரனிடம் அரைகுறை இந்தியில் சண்டை போட்டுக்கொண்டே ரோஸ்மி தன் போனை எடுத்து—"

நிறுத்திவிட்டேன். லாரியும் அன்னாசியும் வந்துவிட்டால் நான் ஊரைக் காட்டக் கிளம்பிவிடுவேன். ரோஸ்மியின் பிரச்சினை நடுரோட்டில் நின்றுவிடும்.

இரண்டாவது தொடக்கம்: "ரோஸ்மிக்கு [            ] இருந்தது."

இதுதான் நேர்மையான தொடக்கம். அந்த அடைப்புக்குள் ஒரு நோயின் பெயர் இருந்தது. எழுதினேன், அழித்தேன், மறுபடி எழுதினேன், மறுபடி அழித்தேன். காலையில் ஒரு மாத்திரை, இரவில் ஒரு மாத்திரை. நான்கு வருஷமாக ஒரு தொந்தரவும் இல்லை. கல்யாணத்துக்கோ பிள்ளைப்பேறுக்கோ இதனால் தடை இல்லை என்று கொச்சியில் அவளைப் பார்க்கும் டாக்டர் எழுதியே கொடுத்திருக்கிறார். ஆனால் அந்தப் பெயரை இந்தப் பக்கத்தில் யார் கேட்டாலும் குரலைத் தாழ்த்துவார்கள், பிறகு அந்த வீட்டின் மூன்று தலைமுறையையும் கிளறுவார்கள்.

(வாசகரிடம்தானே சொல்கிறாய், அதில் என்ன என்று கேட்பீர்கள். நீங்கள் யாரென்று எனக்குத் தெரியாது. உங்கள் மைத்துனர் பக்கத்துக் கூத்தாட்டுக்குளத்தில் பெண் எடுத்திருக்கலாம். அடைப்பு காலியாகவே இருக்கட்டும்.)

மூன்றாவது தொடக்கம்: "இந்த ஊரில் எந்தக் கல்யாணமும் இரண்டு பேருக்கு நடுவில் நடப்பதில்லை." இது கட்டுரை வாசனை அடிக்கிறது. ஆனாலும் வைத்துக்கொள்கிறேன், அடுத்த பகுதிக்கு வேண்டும்.

3

பெண் பார்த்து இரண்டு வீட்டுக்கும் பிடித்துப்போனால், மனசம்மதம் என்கிற நிச்சயத்துக்கு முன்னால் மாப்பிள்ளை வீட்டிலிருந்து ஒருவர் பெண்ணின் ஊருக்கு வருவார். பெண் வீட்டுக்கு வரமாட்டார். டீக்கடையில் உட்காருவார், பலசரக்குக் கடையில் வேண்டாத ஒரு சோப்பு வாங்குவார், பள்ளிக்கூட வாத்தியார் யாராவது அகப்பட்டால் பிடித்துக்கொள்வார். இதற்குப் பெயர் அன்வேஷணம். வேண்டுமென்றே இல்லாததைச் சொல்லிக் கெடுக்கிறவர்களும் உண்டு, அவர்களுக்குக் கல்யாணம் முடக்கிகள் என்று பெயர். எங்கள் முக்கில் போன வருஷம் ஒரு பிளெக்ஸ் தொங்கியது: 'கல்யாணம் முடக்கிகளே, உங்கள் பெயர்ப் பட்டியல் தயாராகிறது. இப்படிக்கு, இன்னும் கல்யாணம் ஆகாத இளைஞர்கள்.'

டீக்கடையையும் வாத்தியாரையும்விட இப்போதெல்லாம் எல்லோரும் தேடிப் போவது சோஜனைத்தான். சோஜன் கேபிள்காரன். டிஷ் ஆன்டெனா காலத்திலிருந்து இருக்கிறான், இப்போது அதே கம்பத்தில் இன்டர்நெட்டும் கொடுக்கிறான். நானூறு வீடு. எல்லோரும் மோடத்தைப் படுக்கையறையில் வைத்திருப்பதால் எந்த வீட்டில் கட்டில் எந்தப் பக்கம் கிடக்கிறது, யார் யாரோடு பேசாமல் தனி அறையில் படுக்கிறார்கள் என்பது வரை அவனுக்குத் தெரியும். கேட்டால் சொல்வான். கேட்காவிட்டால் கொஞ்சம் காத்திருந்து சொல்வான்.

ரோஸ்மிக்கு இதற்கு முன் இரண்டு வரன் வந்தது. இரண்டும் பெண் பார்க்கும் வரை சந்தோஷமாக வந்தது. அன்வேஷணம் முடிந்ததும் போன் எடுப்பதை நிறுத்திக்கொண்டது. இரண்டு முறையும் வந்தவர்கள் சோஜனின் ஆபீசில் அரை மணி நேரம் உட்கார்ந்திருந்தார்கள். அவளுடைய மாத்திரை விஷயம் அவளுக்கும் அம்மாவுக்கும் கொச்சி டாக்டருக்கும் மட்டுந்தான் தெரியும், மாத்திரைகூட எர்ணாகுளத்தில்தான் வாங்குகிறார்கள். பிறகு எப்படி? யோசித்து யோசித்து, அவளுக்குக் கடைசியில் தன் கையிலிருந்த போன்மேலேயே சந்தேகம் வந்தது.

மூன்றாவது வரன் கூத்தாட்டுக்குளத்து லிபின். ஆலுவாவில் லிப்ட் பழுது பார்க்கிற வேலை. இவனை அவளுக்குப் பிடித்துவிட்டது. இதைச் சொல்லும்போது அவள் முகத்தில் வெட்கம் இல்லை, கவலைதான் இருந்தது.

4

"நான் இன்காக்னிட்டோல தானே பாக்கறேன் சேட்டா. கறுப்பா வருமே, அது."

"அது உங்க போன் மறக்கறதுக்கு. சோஜன் மறக்கறதுக்கு இல்ல."

இப்போது உட்கார்ந்தாள்.

நான் சொன்னதை இங்கே கொஞ்சம் சீராக எழுதுகிறேன். அன்றைக்கு இவ்வளவு சீராகச் சொல்லவில்லை. நாம் ஒரு இணையதளத்தின் பெயரை அடிக்கிறோம். போனுக்குப் பெயர் தெரியும், அந்த இடம் எங்கே இருக்கிறது என்கிற எண் தெரியாது. அதனால் முதலில் அது ஒரு மெஷினிடம் கேட்கிறது: இந்தப் பெயருக்கு எண் என்ன? அந்த விசாரணைக்கு டி.என்.எஸ். என்று பெயர். நாம் ஒன்றும் மாற்றி வைக்காவிட்டால் அது கேட்பது நம் கேபிள்காரனின் மெஷினைத்தான். உறையில்லாத தபால் அட்டையில் எழுதிக் கேட்கிற மாதிரி கேட்கிறது. நாம் அந்தத் தளத்துக்குள் போய் என்ன படித்தோம் என்பது பூட்டிய பெட்டிக்குள் போய்விடுகிறது, அது சோஜனுக்குத் தெரியாது. யாரைத் தேடிப் போனோம் என்பது தெரியும்.

"பேரு மட்டுந்தான் தெரியும்," என்றேன், ஆறுதலாக.

"பேரே போதுமே," என்றாள். அவள் வழக்கமாகப் பார்க்கும் இரண்டு தளங்களின் பெயரிலும் அந்த நோயின் பெயர் முழுசாக இருந்தது. "அப்ப சர்ச்சுல மூணு ஞாயித்துக்கிழமை விளிச்சுச் சொல்லுவாங்களே, இன்னாருக்கும் இன்னாருக்கும் கல்யாணம், ஆட்சேபணை இருந்தா சொல்லுங்கன்னு. அதை எனக்கு நாலு வருஷமா தெனமும் பண்ணிட்டிருக்கா இந்தப் போன்?"

அவளுக்குக் கோபத்திலும் நன்றாகப் பேச வந்தது. அந்த வாக்கியத்தை மனசுக்குள் குறித்துக்கொண்டேன். (குறித்துக்கொண்டதற்கு வெட்கப்பட்டேன் என்று எழுதினால் நீங்கள் நம்புவீர்கள். வெட்கப்படவில்லை.)

பரிகாரம் சொன்னேன். அதே கேள்வியை உறையிலிட்டு ஒட்டி, தூரத்திலிருக்கும் வேறொரு மெஷினிடம் கேட்கலாம். உறை சோஜனின் கம்பி வழியாகத்தான் போகும். போகிறது தெரியும், உள்ளே எந்தப் பெயர் என்பது தெரியாது. போனிலேயே அதற்கு இடம் இருக்கிறது, பிரைவேட் டி.என்.எஸ். என்று. ஒரே ஒரு வரி அடித்தால் போதும்.

"அந்தத் தூரத்து மெஷின்காரனுக்குத் தெரியுமே?"

"தெரியும்."

"அப்ப?"

"அவன் நம்ம ஊர் சர்ச்சுக்குக் குர்பானைக்கு வரமாட்டான்."

சிரித்துவிட்டாள். சிரிப்பு முடிவதற்குள் சந்தேகம் வந்துவிட்டது. "சும்மா எதுக்குச் செய்றான்? அவனுக்கு இதுல என்ன லாபம்?"

எனக்குச் சரியாகத் தெரியாது என்றேன். எதையும் எழுதி வைப்பதில்லை என்று அவர்கள் சொல்கிறார்கள், சொல்வதைத்தான் நாம் நம்ப வேண்டியிருக்கிறது என்றேன்.

"யாரையாவது ஒருத்தனை நம்பணும்னா மொகம் தெரியாதவனே மேல்," என்றாள். பிறகு குரலைத் தாழ்த்தி, ஆனால் உறுதியாக, எல்லாவற்றையும் சொன்னாள். நோயின் பெயரையும் சொன்னாள். "சனிக்கிழமை லிபினைப் பாக்கறேன். மூவாற்றுப்புழையில. நானே சொல்லப் போறேன். கல்யாணம் முடிஞ்சு மெதுவா சொல்லிக்கலாம்ங்கறா அம்மா, அது ஏமாத்து. கேட்டுட்டு அவரு வேண்டாம்னு போனா போகட்டும். ஆனா அதுக்கு முன்னாடி வேற எவனாவது போய்ச் சொல்லிட்டா நான் மறைச்ச மாதிரி ஆயிடும் சேட்டா. என் சீக்கை என் வாயால சொல்லணும். அஞ்சு நாள் மூடி வெச்சுக் குடுங்க."

மூடிக் கொடுத்தேன்.

அடிக்குறிப்பு 1: இது முழுப் பூட்டு அல்ல. கேள்வியை உறையிலிட்டாலும், பிறகு அந்தத் தளத்தின் கதவைத் தட்டும்போது பல இடங்களில் பெயர் வெளியே தெரியும். தோண்டிப் பார்க்கிறவன் பார்க்கலாம். அதை அவளிடம் நான் சொல்லவில்லை. அவள் அப்போதுதான் சிரித்திருந்தாள்.

அடிக்குறிப்பு 2: அன்றைக்கு நான் மூடவும் இல்லை. 'தானாக' என்று ஒரு தேர்வு இருக்கும், அதைத் தொட்டுவிட்டு 'ஆச்சு' என்றேன். தானாக என்றால், கேபிள்காரனின் மெஷின் உறையை வாங்கத் தயாராக இருந்தால் உறை, இல்லாவிட்டால் பழைய தபால் அட்டை. சோஜனின் மெஷினுக்கு உறை என்றால் என்னவென்றே தெரியாது. ராத்திரி படுத்த பிறகு சந்தேகம் வந்தது. செவ்வாய்க்கிழமை காலை மண்டிக்கே போய் அவளைக் கூப்பிட்டு, வரியை முழுசாக அடித்துச் சோதித்துக் கொடுத்தேன். நடுவில் ஒரு ராத்திரி. "நேத்து ராத்திரி ரெண்டு தடவை பாத்தேன் சேட்டா, தைரியமா," என்றாள்.

6

வியாழக்கிழமை பதினோரு மணிக்கு ரோஸ்மி போன் செய்தாள்.

"லிபின் வீட்லேர்ந்து தரகர்கிட்ட சொல்லி அனுப்பிட்டாங்க. இப்போதைக்கு வேண்டாமாம். சோஜன் சொல்லிட்டான்."

அவள் அவனைச் சேட்டன் இல்லாமல் சொல்லி நான் கேட்டது அதுதான் முதல்முறை.

"என்ன சொன்னாங்கன்னு தெரியுமா?"

"ஒண்ணும் சொல்லல. காரணம் சொன்னாத்தானே பதில் சொல்லலாம்? சீக்குன்னு சொல்லியிருந்தா, ஆமான்னு சொல்லிட்டு டாக்டர் சீட்டைக் காட்டுவேன். பேசாம இருக்கறாங்களே, அதுக்கு என்ன காட்டறது?" அவள் அழவில்லை. பின்னால் யாரோ இந்தியில் கத்திக்கொண்டிருந்தார்கள். ஒரு நிமிஷம் என்று அவர்களுக்கும் இந்தியில் கத்திவிட்டு, "நேத்துதான் லிபினோட பேரப்பன், அதான் பெரியப்பா, நம்ம ஊருக்கு வந்திருக்காரு. சோஜன் ஆபீசுக்குப் போயிருக்காரு. மண்டியில பாத்தவங்க இருக்காங்க," என்றாள்.

போனை வைத்ததும் எனக்கு ஆத்திரம் பொங்கியது. கடையை அப்படியே விட்டுவிட்டு சோஜனைப் பார்க்கக் கிளம்பினேன். கதைக்கு ஒரு வில்லன் கிடைத்தான் என்கிற திருப்தியும் அந்த ஆத்திரத்துக்குள் இருந்தது.

7

சோஜனை எப்படி எழுதுவது என்பதில் எனக்குத் தடுமாற்றம். முதல் வரைவில் அவனுக்கு ஒரு வெள்ளிப் பல்லும் கள்ளச் சிரிப்பும் கொடுத்திருந்தேன். எடுத்துவிட்டேன். நிஜ சோஜனுக்கு முழங்காலில் வலி. கம்பம் ஏறி இறங்கி வந்து, உரக்கடைக்கு மேலே இருக்கும் அவன் ஆபீசில் காலை நீட்டி எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தான்.

"வா அண்ணாச்சி. என்ன, நெட்டு ஸ்லோவா?"

"சோஜா, நேத்து ஒரு ஆள் வந்தாரா? கூத்தாட்டுக்குளத்துலேர்ந்து?"

"அவிராச்சனா? வந்தாரே. நல்ல மனுஷன். எலுமிச்சைத் தண்ணி வாங்கிக் குடுத்தேன்."

"ரோஸ்மியைப் பத்தி என்ன சொன்னே?"

"என்ன சொல்றது? பொண்ணு தங்கம், வாய்தான் கொஞ்சம் நீளம். அப்பன் சாயந்திரமானா கொஞ்சம் குடிப்பான், சத்தம் கிடையாதுன்னேன். சந்தோஷமா எழுந்து போனாரு."

"வேற ஒண்ணும் சொல்லலையா?"

அவன் எண்ணெய்க் கிண்ணத்தைக் கீழே வைத்தான். "அண்ணாச்சி, நீ என்ன என்னைக் கல்யாணம் முடக்கின்னா நெனச்சே?"

மேசையில் இருந்த மானிட்டரைக் காட்டி, "இதுல எல்லா வீட்டுலேர்ந்தும் கேக்கற பேரு வரும், இல்லையா?" என்று கேட்டேன்.

"வரும். மேலேர்ந்து கேட்டா குடுக்கணும், அதுக்கு வெச்சிருக்கு. அதை எவன் உக்காந்து படிப்பான்? எனக்கென்ன பைத்தியமா?" முழங்காலைத் தடவிக்கொண்டான். அத்தோடு நிறுத்தியிருந்தால் நான் இந்தப் பகுதியை இங்கேயே முடித்து அவனிடம் மன்னிப்புக் கேட்டிருப்பேன். அவனால் நிறுத்த முடியாது. "ஆனா ஒண்ணு சொல்றேன் கேளு. ரோஸ்மி வீட்டுலேர்ந்து செவ்வாய்க்கிழமைக்கு அப்புறம் பேரு வர்றது பாதியா கொறஞ்சிருக்கு. ஏதோ ஒரு போன் மட்டும் தனி வழியில கேக்குது. இத்தனை வருஷம் தொறந்து வெச்ச கதவை எதுக்குத் திடீர்னு மூடணும்? ஒண்ணுமில்லாதவன் மூடுவானா?"

அதை உட்கார்ந்து படிக்காதவனுக்கு இது எப்படித் தெரிந்தது என்று நான் கேட்கவில்லை. கேட்டிருந்தால், தான் படிக்கிறவன் என்று அவனுக்கே அப்போதுதான் தெரிந்திருக்கும்.

"அதை அவிராச்சன்கிட்ட சொன்னியா?"

"சத்தியமா இல்ல. அந்த ஆளுக்கு மோடம்னா என்ன, மிக்சினா என்னன்னு தெரியாது. சொன்னா புரியுமா?" பிறகு என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தான். கேபிள்காரனின் பார்வை, எங்கே கம்பி அறுந்திருக்கிறது என்று தேடுகிற பார்வை. "அவரு இங்கேர்ந்து நேரா உன் கடைக்குத்தானே வந்தாரு? நீ என்ன சொன்னே?"

5

நான்குக்குப் பிறகு ஆறு வந்ததை நீங்கள் கவனித்திருப்பீர்கள். அச்சுப்பிழை என்று நினைத்திருந்தால் நல்ல மனசு உங்களுக்கு. ஐந்தாவது பகுதியை நான் எழுதி, எடுத்து, ஒளித்து வைத்திருந்தேன். சோஜன் கேட்டுவிட்டதால் இனி ஒளிக்க முடியாது.

புதன்கிழமை மத்தியானம் அவிராச்சன் என் கடைக்கு வந்தார். வெள்ளை ஜிப்பா, வெள்ளை முண்டு, கையில் ஒரு நிலவரி ரசீது. அதை நகல் எடுக்க வேண்டும் என்றார். கூத்தாட்டுக்குளத்தில் இல்லாத நகல் மெஷினா? வந்த காரியம் எனக்கு அப்போதே தெரிந்துவிட்டது. நகல் எடுத்துக் கொடுத்தேன். அதை மடித்துக்கொண்டே மெதுவாகக் கேட்டார்.

"இங்க மண்டியில இருக்கற ரோஸ்மி, தெரியுமா உங்களுக்கு?"

"தெரியும்."

"பொண்ணு எப்படி?"

இந்த ஊரில் இந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல ஒரு முறை உண்டு. இருபத்திரண்டு வருஷத்தில் இருபது கல்யாணத்துக்காவது நான் பதில் சொல்லியிருக்கிறேன், எனக்குத் தெரியாத முறையல்ல. ஒரு சின்னக் குறை சொல்லியாக வேண்டும். நல்ல பெண், ஆனால் காலையில் எழுந்திருக்கச் சோம்பல். நல்ல பையன், ஆனால் அம்மா பிள்ளை. அந்தக் குறைதான் மற்றதெல்லாம் நிஜம் என்பதற்கு அடையாளம். அதைக் கேட்டதும் வந்தவர் சிரித்துக்கொண்டு எழுந்து போவார். ஒரு குறையும் சொல்லாதவன் ஒன்று பெண் வீட்டாரிடம் விலைபோனவன், அல்லது பெரிதாக எதையோ தெரிந்து வைத்திருப்பவன்.

என் நெஞ்சுக்குள் அந்தப் பெயர் இருந்தது. குறை என்று வாயைத் திறந்தால் அதுதான் வெளியே வந்து விழும் என்று பயந்தேன். "நல்ல பொண்ணு," என்றேன்.

அவர் காத்திருந்தார்.

"ரொம்ப நல்ல பொண்ணு."

இன்னும் காத்திருந்தார். மின்விசிறிச் சத்தம் கேட்டது.

"ஒரு குறையும் சொல்ல முடியாது. ஒண்ணுமே இல்ல. சுத்தமா ஒண்ணுமில்ல."

அவிராச்சன் என் முகத்தைப் பார்த்தார். நகலுக்கான சில்லறையை மேசையில் வைத்துவிட்டு, சரி என்று கூடச் சொல்லாமல் வெளியே போனார். நான் அப்போது என்ன நினைத்தேன் தெரியுமா? காப்பாற்றிவிட்டேன் என்று நினைத்தேன். சாயந்திரம் வடை வாங்கித் தின்றேன்.

இதைக் கேட்டு சோஜன் தலையிலடித்துக்கொண்டான். "அண்ணாச்சி, ஒரு குறை கூடவா கெடைக்கல உனக்கு? மீன் கறியில உப்புக் கூடும்னாவது சொல்லித் தொலைச்சிருக்கலாமே! நான் அப்பனோட குடியைப் போட்டு அவ்வளவு அழகா நடத்திக் குடுத்தேன், நீ வெள்ளையடிச்சுக் கெடுத்தியே!"

அவன் ஆபீஸ் படியில் இறங்கும்போது எனக்குக் கண் கலங்கியது. பெயரை நான் யாரிடமும் சொல்லவில்லை. சொல்லாமலே காட்டிக் கொடுத்துவிட்டேன்.

8

வெள்ளிக்கிழமை சாயந்திரம் லிபினே ரோஸ்மிக்குப் போன் செய்தான். இதை அவள் சொல்லித்தான் எழுதுகிறேன். அவள் மண்டியின் பின்பக்கம், காலிக் கூடைகளுக்கு நடுவில் போய் நின்றுகொண்டாள்.

"பேரப்பன் ஏதோ இருக்குங்கறாரு," என்றான் லிபின். "என்னன்னு அவருக்கும் தெரியலையாம். கேபிள்காரன் நல்லா சொன்னானாம். ஒரு தமிழன் கடையில கேட்டப்ப, அவன் வேர்த்துக் கொட்டி ஒண்ணுமில்ல ஒண்ணுமில்லன்னானாம். அதுல பயந்துட்டாரு."

ரோஸ்மி போனை மறு காதுக்கு மாற்றினாள்.

"நான் உன்கிட்டயே கேக்கறேன். ஏதாவது இருக்கா?"

இல்லை என்று சொல்ல ஒரு நொடி போதும், அம்மா சொன்னதும் அதைத்தான். போனிலேயே எல்லாவற்றையும் கொட்டிவிடவும் ஒரு நிமிஷம் போதும். கூடையைப் பிடித்துக்கொண்டாள்.

"இருக்கு," என்றாள். "நாளைக்கு நேர்ல சொல்றேன். பேரப்பன் வேண்டாம்னு சொன்னப்பறம் நீங்க வர்றதா இருந்தா."

அவன் வருகிறேன் என்றும் சொல்லவில்லை, வரவில்லை என்றும் சொல்லவில்லை. மணி மட்டும் கேட்டான். மூன்றரை என்றாள்.

இதை என்னிடம் சொல்லி முடித்துவிட்டு ஒரு வார்த்தை திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். "வேர்த்துக் கொட்டிச்சா சேட்டா உங்களுக்கு?" என்று மட்டும் கேட்டாள். ஆமாம் என்றேன். மொகம் தெரியாதவனே மேல் என்று அவள் சொன்னது எனக்கு ஞாபகம் இருந்தது, அவளுக்கும் இருந்திருக்கும். இரண்டு பேரும் அதைப் பேசவில்லை.

9

முடிவு எழுத உட்கார்ந்தேன். மூன்று எழுதினேன்.

(அ) மூவாற்றுப்புழையில் ஒரு பேக்கரியில் ரோஸ்மி சொல்கிறாள். லிபின் கேட்டு முடித்து, சட்டைப் பையைத் தடவிப் பார்த்து, வேலைக்கு நேரமாகிறது என்று எழுந்து போகிறான். அவள் தனியாக இரண்டு எலுமிச்சைத் தண்ணீரையும்—

(ஆ) லிபின் சிரிக்கிறான். "இவ்வளவுதானா? நான் வேற யாரோ இருக்கான்னு பயந்துட்டேன்," என்கிறான்.

(இ) லிபின் ரொம்ப நேரம் பேசாமல் இருக்கிறான். பிறகு அவனும் தன்னுடைய ஒரு விஷயத்தைச் சொல்ல ஆரம்பிக்கிறான்.

அடுத்த வாரம் ரோஸ்மி கடைக்கு வந்தபோது எழுதுகிற விஷயத்தைச் சொல்லிவிட்டேன். மறைத்துப் பழகியதில் வந்த வினை போதும் என்று தோன்றியது. அவளுக்குத் தமிழ் படிக்கத் தெரியாது. நானே முழுசையும் மலையாளத்தில் சொல்லிக் காட்டினேன். காலியாக விட்ட அடைப்பு வந்தபோது காகிதத்தை வாங்கிப் பார்த்தாள், விரலால் ஒருமுறை தடவிப் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தாள். மூன்று முடிவுகளையும் கேட்டாள்.

"முதல்ல அழறேன். ரெண்டாவதுல சந்தோஷத்துல அழறேன். மூணாவதுல ரெண்டு பேரும் அழறோம். உங்களுக்கு எப்படியாவது நான் அழணும், இல்ல?"

"அப்ப நடந்ததைச் சொல்லுங்க, அதையே எழுதறேன்."

"மூணு இருபதுக்கே போய் உக்காந்தேன். மூணரைக்கு வரல. நாலு மணிக்கு வந்தாரு, பஸ்சு கெடைக்கலன்னாரு. ரோட்டுப் பக்கம் வேண்டாம்னு உள்ளே மாறி உக்காந்தோம். ரெண்டு கட்லெட் சொன்னாரு. கட்லெட்காரன் போறவரைக்கும் ரெண்டு பேரும் பேசல. அப்புறம் நான் ஆரம்பிச்சேன்." நிறுத்தினாள். "அதுவரைக்கும் எழுதிக்குங்க."

"அப்புறம்?"

"அப்புறம் சொன்னதெல்லாம் அவர்கிட்ட சொன்னது சேட்டா. உங்ககிட்ட சொன்னதில்ல."

"படிக்கறவங்க கேப்பாங்களே ரோஸ்மி. கல்யாணம் உண்டா இல்லையான்னாவது—"

என் கண் தானாக அவள் கைக்குப் போனது. மனசம்மதம் முடிந்திருந்தால் விரலில் மோதிரம் இருக்கும். அவள் அதைப் பார்த்துவிட்டாள். கையை மெதுவாகக் கைப்பைக்கு அடியில் நுழைத்துக்கொண்டாள். மோதிரம் இருந்திருந்தாலும் அப்படித்தான் நுழைத்திருப்பாள், இல்லாவிட்டாலும் அப்படித்தான். ஐந்து நாள் மூடி வைக்கக் கேட்டவள் அவள். அதைக்கூட ஒழுங்காகச் செய்ய முடியாதவன், மீதியைக் கேட்க எனக்கு என்ன வாய் இருக்கிறது?

"வரேன் சேட்டா," என்று எழுந்தாள். வாசலில் செருப்பை மாட்டும்போதும் கையை வெளியே எடுக்கவில்லை.

ஆகவே பேக்கரியில், உள் மேசையில், அவள் பேச ஆரம்பித்த இடத்தில் நான் எழுந்து வெளியே வருகிறேன். நீங்களும் வந்துவிடுங்கள், அவர்கள் பேசட்டும். உங்களுக்கு இதற்குள் ஒரு முடிவு தோன்றியிருக்கும், உங்களுடையதாகவே வைத்துக்கொள்ளுங்கள். என்னிடம் மட்டும் சொல்ல வேண்டாம். யாரிடமும் சொல்ல மாட்டேன் என்று சத்தியம் செய்வேன், சொல்லவும் மாட்டேன். ஆனால் அவிராச்சன் இன்னொரு நகல் எடுக்க வந்தால், என் முகத்தைப் பார்த்துத் தெரிந்துகொண்டு போய்விடுவார்.